மண்டையில ஏறாத பிள்ளைகள்

(மதுரையில், சேரிகளில் மாலை வகுப்பு நடத்தும் தோழர்களும் கல்லூரி மாணவர்களும் கூடிய ஒருநாள் கூடுகையில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் பேசியது. கைப்பேசிப் பதிவிலிருந்து எழுதப்பட்டது. பேச்சுநடை கூடியவரை அப்படியே விடப்பட்டுள்ளது.)



எனக்குக் கொடுத்த தலைப்பு ‘குழந்தைகளின் மனநலமும் கல்வியும்’. தலைப்பு பெரிசா இருக்கு. நான் டாக்டர் இல்லை. முப்பத்தோரு வருசம் பள்ளிக்கூடத்தில் சாக்பீஸ் பிடித்தவள். ஓய்வுக்குப் பிறகு மேலூர்ப் பக்கம் எங்க காலனியில் சாயங்காலம் பிள்ளைகளைக் கூட்டி வைத்து உட்கார்ந்திருக்கிறவள். எனக்குத் தெரிஞ்சதைப் பேசுறேன். மிச்சத்தை டாக்டர்கிட்ட கேட்டுக்கங்க.

ஒரு குற்றத்தை ஒப்புக்கொண்டுவிட்டு ஆரம்பிக்கிறேன்.

1990களின் நடுவில் என் வகுப்பில் ஒரு பையன் இருந்தான். ஏழாம் வகுப்பு. நம்ம தெருப் பையன், எனக்குத் தம்பி மகன் முறை. ஒரு இடத்தில் உட்கார மாட்டான். அஞ்சு கணக்கு கொடுத்தா ரெண்டைப் போட்டுட்டு மூணாவதுல எந்திரிச்சுப் போயிருவான். நோட்டு தொலையும், பென்சில் தொலையும், ஒருநாள் ஒத்தைச் செருப்போட வந்து நின்னான். நான் கேள்வியை முடிக்கிறதுக்குள்ள பதில் சொல்லுவான். பாதி நேரம் அந்தப் பதில் சரியாவும் இருக்கும்! அது எனக்கு இன்னும் எரிச்சல். அடித்தேன். மற்ற ஆசிரியர்களும் அடித்தார்கள். ஒரே ஒரு வித்தியாசம்தான். அவர்கள் “இதுகளுக்கு எங்க படிப்பு மண்டையில ஏறப் போகுது” என்று சொல்லி அடித்தார்கள். நான் “நம்ம மானத்தை வாங்குறியேடா” என்று சொல்லி அடித்தேன். அவன் முதுகுக்கு ரெண்டும் ஒண்ணுதான்.

எட்டாம் வகுப்புப் பாதியில் நின்றுவிட்டான். அந்தக் காலத்தில் உசிலம்பட்டி, செக்கானூரணி, மேலூர் என்று சுற்றிலும் முறுக்குக் கம்பெனிக்கு ஆள் பிடிக்கிற ஏஜெண்டுகள் வருவாய்ங்க. அப்பன் கையில் முன்பணத்தைக் கொடுத்துவிட்டுப் பிள்ளையை வடக்கே ரயிலேற்றி விடுவாய்ங்க. விடியக்காலை எண்ணெய்ச் சட்டி முன்னால் உட்கார்ந்தால் நடுராத்திரி வரைக்கும். உட்காரத் தெரியாத பையனை அப்படித்தான் உட்கார வைத்தோம். ‘வைத்தார்கள்’ என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அவன் நோட்டில் நான் சிவப்பு மையில் எழுதியது ஞாபகம் இருக்கு. ‘கவனம் இல்லை.’ இத்தனை வருசம் கழித்து அந்த ரெண்டு வார்த்தையைத்தான் யோசிக்கிறேன். கவனம் இல்லாத பிள்ளை என்று ஒன்று உண்டா? கவனம் வேறெங்கோ இருக்கும். எங்கே இருக்கிறது என்று தேடத்தான் நமக்குத் துப்பில்லை.

அம்பேத்கர் சதாராவில் படித்ததை எல்லோரும் படித்திருப்பீர்கள். தனியாக ஒரு கோணித்துண்டில் உட்கார வேண்டும். சாயங்காலம் அதைச் சுருட்டி வீட்டுக்கு எடுத்துப்போக வேண்டும். குழாயைத் தொடக்கூடாது, பியூன் வந்து திறந்துவிட்டால்தான் தண்ணி. பியூன் வரவில்லையென்றால் தாகத்தோடு இருக்க வேண்டியதுதான். இதை நாம் தீண்டாமைக் கொடுமை என்று மேடையில் சொல்கிறோம், சரி. ஒரு வகுப்பறை ஆசிரியையாக நான் வேறொன்றையும் பார்க்கிறேன். அந்தப் பிள்ளையின் மனசு நாள்பூரா என்ன வேலை பார்த்திருக்கும்? கோணி யார் காலிலாவது பட்டுருச்சா, பியூன் வந்துட்டாரா, யார்மேலாவது உரசிட்டமா. இவ்வளவையும் பார்த்துக்கொண்டே கணக்கையும் பார்க்கணும். பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்திருக்கிற பிள்ளைக்குக் கணக்கு மட்டும்தான் வேலை. அப்படியும் அவர் படித்தார் என்பது பெருமைதான். ஆனா எல்லாப் பிள்ளையையும் அம்பேத்கராக இருக்கச் சொல்வது அநியாயம்.

இதை உணர்ச்சிவசப்பட்டுச் சொல்வதாக நினைக்காதீங்க. சோதித்தே பார்த்திருக்கிறார்கள். உத்தரப்பிரதேசக் கிராமங்களில் கார்லா ஹாஃப், பிரியங்கா பாண்டே என்று ரெண்டு ஆய்வாளர்கள். 2004இல் உலக வங்கி ஆய்வுத்தாளாக வந்தது. ஆறாவது ஏழாவது படிக்கிற பையன்களுக்குத் தாளில் வழி கண்டுபிடிக்கிற புதிர்களைக் கொடுத்தார்கள். முடிக்கிற ஒவ்வொன்றுக்கும் காசு. ஆதிக்க சாதிப் பையன்கள் 321, தலித் பையன்கள் 321. யார் என்ன சாதியென்று சொல்லாமல் போடச் சொன்னபோது ரெண்டு பேருக்கும் பெரிய வித்தியாசமே இல்லை. அப்புறம் பேரையும் ஊரையும் சாதியையும் எல்லார் முன்னாலேயும் உரக்க வாசித்துவிட்டுப் போடச் சொன்னார்கள். தலித் பையன்கள் முடித்த புதிர்கள் சுமார் அய்ந்தில் ஒரு பங்கு குறைந்துபோனது. அதே மூளை, அதே பென்சில். நடுவில் நடந்தது ஒரு அறிவிப்பு மட்டும்தான்.

இப்ப நம்ம வகுப்பறைக்கு வாங்க. “ஸ்காலர்ஷிப் வந்திருக்கு, எஸ்.சி. பசங்கள்லாம் எந்திரிங்க.” இதைக் கேக்காம படிச்சவங்க இங்க எத்தனை பேர்? (யாரும் கை தூக்கவில்லை.) எந்திரிச்சு உட்கார்ந்த பிறகு அடுத்த பீரியடில் டீச்சர் பாடம் நடத்துறாங்க. அந்தப் பிள்ளை காதில் என்ன விழும்?

இன்னொன்று நம்ம தமிழ்நாட்டிலேயே நடந்தது. விழுப்புரம், திருவண்ணாமலைப் பக்கம் கரும்பு விவசாயிகள் 464 பேரை, வெட்டுக்கு முன்னால் கையில் காசில்லாதபோதும், வெட்டு முடிஞ்சு காசு வந்த பிறகும் சோதித்தார்கள். 2013இல் வெளியானது. கவனத்துக்கான சோதனையில் அதே ஆள் காசில்லாதபோது தடுமாறுகிறார், காசு வந்தபோது தெளிவாகச் செய்கிறார். பெரிய மனுசனுக்கே அந்தக் கதி. ‘ஏழைக்குப் புத்தி கம்மி’ என்கிறவனுக்கு இதைக் காட்டுங்கள். கடன்காரன் வாசலில் நிற்கிற வீட்டில் பத்து வயசுப் பிள்ளைக்கும் அது தெரியும். பிள்ளைக்குத் தெரியாது என்று நினைப்பது நம்ம மடத்தனம்.

வயிறும் இருக்கு. காலை உணவுத் திட்டம் 2022 செப்டம்பர் 15ஆம் தேதி இதே மதுரையில், நெல்பேட்டை ஆதிமூலம் பள்ளியில்தான் தொடங்கியது. அதுக்கு முன்னால் பதினொரு மணிக்குத் தலை தொங்குகிற பிள்ளையை நாங்கள் ‘மந்தம்’ என்று எழுதிக்கொண்டிருந்தோம். இன்னமும் அது தொடக்கப்பள்ளிக்குத்தான். ஆறாவது போன மறுவருசம் பிள்ளைக்குக் காலையில் பசிக்காதா என்ன? ஒறக்கமும் அப்படித்தான். ஒத்தை அறை வீடு, அப்பன் குடித்துவிட்டு வந்து ரவைக்கு ஒரு மணிவரை சத்தம். அந்தப் பிள்ளைக்குக் காலையில் இருப்புக் கொள்ளாது. பெரியவனுக்கு ஒறக்கம் கெட்டால் அசந்துபோவான், சின்னப்பிள்ளைக்கு ஒறக்கம் கெட்டால் பல நேரம் ஆட்டம் கூடும். அதை நாம் சேட்டை என்போம்.

அப்புறம் பயம். 1997 சூன் 30ஆம் தேதி மேலவளவில் ஊராட்சித் தலைவர் முருகேசனையும் அவரோடு வந்தவர்களையும் பஸ்ஸை மறித்து வெட்டினார்களே, அதுக்கப்புறம் அந்தச் சுற்றுவட்டாரத்தில் நாங்கள் போய்வந்துகொண்டிருந்தோம். ஒரு காலனியில் – பேர் வேண்டாம் – பிள்ளைகளைத் திண்ணையில் உட்கார வைத்துக் கதை சொல்வேன். ஒரு பொம்பளப்பிள்ளை முகத்தை என்கிட்ட வைக்காது. கண்ணு ரோட்டிலேயே இருக்கும். மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்டால் உடம்பு தூக்கிப்போடும். வகுப்பில் ‘வேடிக்கை பார்க்கிறாள்’ என்று புகார். அவள் வேடிக்கை பார்க்கவில்லை, காவல் பார்த்தாள். அந்த ஊரிலேயே கவனமான ஆள் அவள்தான். என்ன, அந்தக் கவனத்துக்கு மார்க் கிடையாது.

இதுவரைக்கும் சொன்னதற்கு நீங்கள் எல்லோரும் தலையாட்டினீர்கள். இனிமேல் சொல்வதில் கொஞ்சம் சண்டை வரும்.

நம்ம தோழர்கள் சிலர், நன்றாகப் படித்தவர்கள், ‘கவனக்குறைவு நோய் என்பதே மேற்கத்திய மருத்துவ அதிகாரத்தின் கட்டுமானம், ஒழுங்குக்குள் அடங்காத உடம்பை நோய் என்று பெயரிடுகிறார்கள்’ என்று எழுதுகிறார்கள், பேசுகிறார்கள். படிக்க நல்லாத்தான் இருக்கு. எனக்கும் ஒருகாலத்தில் அது சரி என்றுதான் பட்டது. எல்லாவற்றுக்கும் சமூகம்தான் காரணம் என்று சொல்லிவிட்டால் நம்ம மனசாட்சிக்கு வசதி, பிள்ளைக்குச் செய்ய வேறொன்றும் இல்லை பாருங்க.

என் தங்கச்சி பேரன் வந்துதான் என் கண்ணைத் திறந்தான். அந்த வீட்டில் சாப்பாட்டுக்குக் குறையில்லை, அடிதடி இல்லை, அப்பன் குடிகாரன் இல்லை. பையன் சேரியில் பிறக்கவுமில்லை, வளரவுமில்லை. டவுனில் வீடு, தனியார் பள்ளி. அப்படியும் என் பழைய மாணவனின் அச்சு அசல் நகல்! அதே ஒத்தைச் செருப்பு. டாக்டரிடம் காட்டினார்கள். அவர் சொல்லிக்கொண்டே போனபோது எனக்கு உட்கார முடியவில்லை. அப்படியென்றால் நான் அடித்தது?

சுருக்கமாகச் சொல்கிறேன். இப்படிப்பட்ட பிள்ளைகளை 1902இலேயே லண்டனில் ஜார்ஜ் ஸ்டில் என்கிற குழந்தை மருத்துவர் விவரித்திருக்கிறார். அவர் அதை ஒழுக்கக் குறைபாடு என்றுதான் சொன்னார், அந்தக் காலத்துப் புத்தி. இன்றைக்கு ஏ.டி.எச்.டி. என்கிறார்கள். உலக அளவில் நூறு பிள்ளைகளில் சுமார் அய்ந்து பேருக்கு இருக்கிறது. பெருமளவு பரம்பரையாக வருவது. மூளையில் திட்டமிடுகிற, பொறுத்திருக்கிற, அடக்கி வைக்கிற பகுதி இவர்களுக்கு மெதுவாக முதிர்கிறது. 2007இல் அமெரிக்காவில் படமெடுத்துப் பார்த்ததில் சராசரியாக மூன்று வருசம் பின்தங்கியிருந்தது. முதிராமல் போவதில்லை, தாமதமாக முதிர்கிறது. பன்னிரண்டு வயசுப் பையனிடம் ஒன்பது வயசுப் பொறுமையைத்தான் எதிர்பார்க்கலாம் என்று வைத்துக்கொள்ளுங்கள். இது புத்திக் குறைவு கிடையாது. அம்மா வளர்ப்பும் காரணமில்லை. அப்பத்தா சொல்கிற ‘காத்துக் கருப்பு’ம் இல்லை.

எப்படிப் பிரித்துப் பார்ப்பது? டாக்டர்கள் பார்க்கிற கணக்கு நமக்கும் உதவும். ஆறு மாசத்துக்கு மேல் இருக்கிறதா, பன்னிரண்டு வயசுக்கு முன்னாலேயே தொடங்கியதா, பள்ளியில் மட்டுமா அல்லது வீட்டிலும் விளையாட்டிலும்கூடவா. ஒரு டீச்சர் வகுப்பில் மட்டும் கவனம் போகிறதென்றால் அந்த டீச்சரைப் பாருங்கள், பிள்ளையை அல்ல. ஆறாம் வகுப்புவரை நல்லா இருந்த பிள்ளை திடீரென்று மாறினால் என்னமோ நடந்திருக்கிறது. வீட்டிலா, பஸ்ஸிலா, பள்ளிக் கக்கூஸ் பக்கமா, விசாரியுங்கள். சிறுசிலிருந்தே, எல்லா இடத்திலும், பிடிச்ச விளையாட்டில்கூட முறை வரும்வரை நிற்க முடியாத பிள்ளையென்றால் டாக்டரிடம் கூட்டிப்போங்கள். நம்ம பிள்ளைகளில் பலருக்கு ரெண்டும் சேர்ந்தே இருக்கும். பிறவியிலேயே கவனம் சிதறும், மேலே சாதியும் பசியும் ஏறி உட்கார்ந்திருக்கும். ஒன்றைச் சொல்லி மற்றதை மறைக்காதீர்கள். இதுதான் நான் சண்டைக்கு நிற்கிற இடம்.

பொம்பளப்பிள்ளைகளை மறந்துவிடுகிறோம். அதுகளில் பலது ஓடியாடாது. ஜன்னல் ஓரமாக உட்கார்ந்து கனவு கண்டுகொண்டிருக்கும். யாருக்கும் தொந்தரவில்லை, அதனால் யார் கண்ணிலும் படாது. வீட்டில் அடுப்பில் பாலை வைத்துவிட்டு மறந்துவிடும், ‘பொறுப்பத்த கழுதை’ என்று பேர் வாங்கும். தம்பியைப் பார்த்துக்க என்று நிறுத்திவிடுவார்கள், அவளும் போய்விடுவாள். பெயில் ஆனதாகக்கூடக் கணக்கில் வராது.

அதே சேட்டையைப் பண்ணுகிற பையன் டவுனில் வசதியான வீட்டில் இருந்தால் ‘ஹைப்பர்’ என்பார்கள், கொஞ்சம் பெருமையாகக்கூடச் சொல்வார்கள். டாக்டர், தனி டியூசன், நீச்சல் வகுப்பு. நம்ம வீட்டுப் பையன் பண்ணினால் ‘ரவுடி ஆகப் போறான்’, அப்புறம் டி.சி. அடங்காதவன் என்கிற பட்டம் நம்ம பிள்ளைக்குப் பிறக்கும்போதே தயாராக இருக்கிறது. ‘அடங்க மறு’ என்று 90களில் சுவரெல்லாம் எழுதினோம். எழுதிட்டு வீட்டுக்குப் போய், சோத்தில் அடங்கி உட்காரலைன்னு பிள்ளை முதுகில் ரெண்டு வைத்தோம். (சிரிப்பு) சிரிக்காதீங்க, உண்மைதானே.

கோபத்தைப் பற்றிப் பேச வேண்டும். உண்மையில் நான் பேச வந்ததே இதைத்தான்.

இப்ப பள்ளிகளில் ‘உணர்ச்சிகளைக் கையாளுதல்’ என்று பயிற்சி கொடுக்கிறார்கள். மூச்சை இழு, பத்து எண்ணு, கோபத்தை விடு. நல்லதுதான், நானும் சொல்லிக்கொடுக்கிறேன். ஆனால் நம்ம பிள்ளைக்கு ‘கோபப்படாதே’ என்று சொல்லும்போது என் நாக்கு கூசும். உத்தப்புரத்தில் ஊருக்கும் காலனிக்கும் நடுவில் சுவர் கட்டி வைத்திருந்தார்கள். அதில் ஒரு பகுதியை இடித்தது 2008 மே 6இல். அதுவரைக்கும் அந்தச் சுவரைச் சுற்றி நடந்த பிள்ளைக்குக் கோபம் வராமல் இருந்திருந்தால்தான் அது நோய். நூற்றாண்டுக் கணக்காக நமக்குச் சொல்லிக்கொடுத்ததே கோபத்தை முழுங்குவதைத்தானே? அதையே மனநலம் என்ற பேரில் நாமும் சொல்லிக்கொடுக்கிறதா?

ரொம்ப நாள் இந்த இடத்தில் முட்டிக்கொண்டு நின்றேன். பிள்ளைகள்தான் வழி காட்டினார்கள். ஒருநாள் மாலை வகுப்பில் ஒருத்தன் இன்னொருத்தன் மண்டையை சிலேட்டால் உடைத்துவிட்டான். “ஏண்டா?” “கோவம் டீச்சர்.” “எதுக்குக் கோவம்?” “தெரியல.” உட்கார வைத்துத் தண்ணி கொடுத்து மெதுவாகக் கேட்டேன். கோவம் எங்கடா இருந்துச்சு, கையிலயா தலையிலயா? யோசிச்சான். “வயித்துல டீச்சர். காலைலருந்தே வயித்துல என்னமோ சுருட்டிக்கிட்டு இருந்துச்சு.” காலையில் என்ன நடந்தது? டீக்கடையில் அவன் அப்பாவை, அறுபதை நெருங்குகிற மனுசனை, ஒரு சின்னப்பயல் பேர் சொல்லி ‘வாடா போடா’ என்றிருக்கிறான். அப்பா சிரித்துக்கொண்டே “சரிங்க தம்பி” என்றிருக்கிறார். இவன் பார்த்திருக்கிறான். அது கோபமா? முதலில் அவமானம். அப்பனுக்காக வெட்கம். அப்பன் மேலேயே ஆத்திரம். அவ்வளவும் சேர்ந்து சாயங்காலம் கூட்டாளி மண்டையில் இறங்கிவிட்டது.

நம்ம பிள்ளைகளுக்கு ‘கோவம்’ என்கிற ஒரே வார்த்தைதான் கையில் இருக்கிறது. நம்ம பேச்சிலேயோ எவ்வளவு இருக்கு! கடுப்பு வேற, ரோசம் வேற. ஏக்கம் வேற, வயித்தெரிச்சல் வேற. மூஞ்சி சுண்டிப்போச்சு, நெஞ்சு பதைக்குது, கை பரபரங்குது, மனசு கெடந்து அடிச்சுக்குது என்று எங்கம்மா தினம் சொல்லும். எழுதப்படிக்கத் தெரியாது. உடம்பில் எங்கே என்ன நடக்குது என்று அதுக்கு அவ்வளவு துல்லியமாகத் தெரியும். நாங்கள் படித்துவிட்டு ‘டென்சன்’ என்ற ஒத்தை வார்த்தையில் எல்லாத்தையும் முடித்துவிட்டோம். இப்ப எங்க வகுப்பில் வந்ததும் முதல் வேலை இதுதான். இன்னைக்கு உடம்பு எப்படி இருக்கு, எந்த இடத்துல என்ன? பெரிய பிள்ளைகள் முதலில் சிரிக்கும், கூச்சப்படும். ஒரு மாசத்தில் பழகிவிடும். பேர் வைத்துவிட்டால் பாதிச் சூடு இறங்கிவிடுகிறது. மிச்சப் பாதி இறங்க வேண்டாம். அதை எங்கே, யாரிடம், எப்படிக் கொண்டு போவது என்று உட்கார்ந்து பேசுவோம். டீக்கடை விசயத்தை அந்தப் பையனும் அவன் அப்பாவும் நானுமாகப் பேசினோம். அப்பா ரொம்ப நேரம் தரையைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னார், “எனக்கும் வயித்துலதான் டீச்சர்.”

பெயர் வைக்கத் தெரியாத கோபத்தை வைத்துக்கொண்டிருப்பது நம்ம பிள்ளைகள் மட்டுமில்லை. 2023 ஆகஸ்ட் 9ஆம் தேதி நாங்குநேரியில் ஒரு தலித் மாணவனையும் குறுக்கே வந்த தங்கச்சியையும் வீடு புகுந்து வெட்டியவர்கள் யார்? கூடப் படித்த பையன்கள். தொல்லை கொடுக்கிறார்கள் என்று இவன் பள்ளியில் சொன்னதுதான் குற்றம். அந்தப் பையன்களுக்கு ரோசம் என்று எதைச் சொல்லிக்கொடுத்து வளர்த்திருக்கிறார்கள்? அதன்பிறகு அமைத்த நீதிபதி சந்துரு குழு 2024 சூனில் அறிக்கை கொடுத்தது. கையில் சாதிக்கயிறு கூடாது, பள்ளிப் பெயரில் சாதி கூடாது என்றெல்லாம் சொன்னது. கயிற்றை அவிழ்க்கலாம், வேண்டியதுதான். ஆனால் சோறு போடும்போதே ‘அவன்லாம் உன்கூடச் சரிக்குச் சரி உட்காருறானா’ என்று கேட்கிற அப்பன்களுக்கு யார் வகுப்பு எடுப்பது? அது நம்ம வேலை இல்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. அந்தச் சாதியில் இருக்கிற முற்போக்கானவர்கள் எடுக்கட்டும்.

சரி, மாலை வகுப்பில் என்ன செய்யலாம் என்று கேட்டிருந்தீர்கள். பெரிய ரகசியம் ஒன்றுமில்லை. முதலில் திங்கக் கொடுங்கள், சுண்டலோ கடலையோ. வெறும் வயித்துக்குப் பாடம் நடத்தாதீங்க. கவனம் சிதறுகிற பிள்ளையைக் கடைசி வரிசையில் தள்ளாமல் உங்க முழங்காலுக்குப் பக்கத்தில் வையுங்கள். ‘நோட்டை எடு, தேதி போடு, மூணாம் பக்கம் பாரு, அஞ்சு கணக்கு போடு’ என்று ஒரே மூச்சில் சொன்னால் அவனுக்கு நோட்டோடு நின்றுவிடும். ஒன்று முடிந்ததும் ஒன்று. அஞ்சு கணக்கு வேண்டாம், ரெண்டு கொடுங்கள், முடிச்சதும் எழுந்து ஓடித் தண்ணிக்குடத்தைத் தொட்டுவிட்டு வரச் சொல்லுங்கள், அப்புறம் ரெண்டு. நின்றுகொண்டே எழுதுகிறேன் என்றால் எழுதட்டும், உட்கார்ந்துதான் எழுதணும் என்று எந்தச் சட்டத்தில் இருக்கு? நல்லது செய்தால் அந்த நிமிசமே சொல்லுங்கள், வாரக் கடைசியில் அல்ல. திட்டுவதைத் தனியாகக் கூப்பிட்டுத் திட்டுங்கள். அடிக்கக் கூடாது. 2009 கல்வி உரிமைச் சட்டத்தின் 17ஆம் பிரிவு அடிப்பதையும் மனசை நோகடிப்பதையும் தடுக்கிறது என்பதற்காக மட்டும் சொல்லவில்லை. இந்தப் பிள்ளைகளுக்கு அடி ஞாபகம் இருக்கும், எதற்கு என்பது இருக்காது. அதனால்.

ஆட்டமும் தாளமும் இந்தப் பிள்ளைகளுக்கு நல்லா உதவுது. கூட்டாளி அடியைக் கேட்டுத் தன் அடியைப் போடணும் இல்லையா, பறையில் அரைமணி நேரம் அசையாமல் கவனம் நிற்கிறதை நான் கண்ணால் பார்த்தேன். அடுத்த நாளே ஒரு பையனின் அப்பா வந்து நின்றார். “எங்கப்பன் சாவுக்கு அடிச்சான், நான் அடிச்சேன். எம்மகன் கையில அதைக் கொடுக்காதீங்க டீச்சர்.” பறை நம்ம கலை, விடுதலையின் குரல் என்று நான் பேசியிருக்கலாம். பேசவில்லை. அவர் சொல்வதிலும் ஞாயம் இருக்கு. அந்தப் பையனுக்குச் சிலம்பம். இதில் சித்தாந்தம் பேசி ஒரு பிள்ளையை இழக்க எனக்கு மனசில்லை.

டாக்டர் விசயம். அரசு நடமாடும் மருத்துவக் குழு பள்ளிக்கு வருசம் ஒருமுறை வரும். ஆர்.பி.எஸ்.கே. என்று 2013இலிருந்து இருக்கிற திட்டம். அவர்கள் பார்க்க வேண்டிய பட்டியலில் கற்றல் குறைபாடும் கவனக்குறைவும் இருக்கு. எடையும் கண்ணும் பார்த்துவிட்டுப் போய்விடாமல் இதையும் கேட்டு வாங்குங்கள். மதுரை ராஜாஜி ஆஸ்பத்திரியில் மனநலப் பிரிவு இருக்கிறது, காசு கிடையாது. வரிசை நீளம், ஒருநாள் கூலி போகும். அதனால் அம்மாவைத் தனியாக அனுப்பாமல் நீங்கள் ஒருத்தர் கூடப் போங்கள், வகுப்பில் பார்த்ததை ஒரு தாளில் எழுதி எடுத்துப்போங்கள். டாக்டருக்குப் பத்து நிமிசம்தான் இருக்கும், உங்க தாள் அவருக்குப் பெரிய உதவி. போனில் பேச 14416 இருக்கு, தமிழிலேயே பேசலாம். ஆபத்தில் இருக்கிற பிள்ளைக்கு 1098. கோயிலில் மந்திரிக்கணும், கயிறு கட்டணும் என்று அப்பத்தா சொன்னால் சண்டை போடாதீர்கள். கட்டிட்டே ஆஸ்பத்திரிக்குப் போகலாம்.

மாத்திரை எல்லாருக்கும் வேண்டியதில்லை. வேண்டும் என்று டாக்டர் சொன்னால் பயப்படவும் வேண்டாம். மெத்தில்ஃபெனிடேட் என்று ஒன்று, ரொம்பக் காலமாகப் புழக்கத்தில் இருப்பது. கட்டுப்பாடு அதிகம், எல்லா மெடிக்கல் கடையிலும் இருக்காது. சீட்டு ரெண்டு பிரதி வேணும். இதில் நம்ம வீடுகளுக்கென்று ஒரு சிக்கல் இருக்கு. காலையில் போட்டால் மத்தியானம் பசியைக் கொன்றுவிடும். நம்ம பிள்ளைக்கு நாளில் ஒழுங்கான சாப்பாடே மத்தியானச் சத்துணவுதான். வசதியான வீட்டுப் பிள்ளை ராத்திரி சேர்த்துச் சாப்பிட்டுக்கொள்ளும், நம்ம வீட்டில் ராத்திரி என்ன இருக்கும் என்று சொல்ல முடியாது. இதை டாக்டரிடம் வாய்விட்டுச் சொல்லணும். ‘சாப்பிட்டீங்களா’ என்று அவர் கேட்டால் நம்மாட்கள் வெட்கப்பட்டுக்கொண்டு ‘சாப்புடுறான் சார்’ என்று சொல்லிவிடுவார்கள். எடை குறைகிறதா என்று மாசாமாசம் பார்த்து எழுதி வையுங்கள்.

சட்டத்தில் ஒரு ஓட்டை இருக்கு. 2016 மாற்றுத்திறனாளிகள் சட்டத்தில் 21 வகை சொல்லியிருக்கிறார்கள். கற்றல் குறைபாடு இருக்கு, ஆட்டிசம் இருக்கு. கவனக்குறைவு தனியாக இல்லை. எழுத்து வாசிப்பதிலும் பிள்ளைக்குச் சிரமம் இருக்கான்னு சேர்த்துப் பார்க்கச் சொல்லுங்கள், பல பிள்ளைகளுக்கு ரெண்டும் இருக்கும். கற்றல் குறைபாட்டுக்குச் சான்றிதழ் இருந்தால் பொதுத்தேர்வில் கூடுதல் நேரம் உண்டு, எழுதுவதற்கு ஆளும் கேட்கலாம். ஒன்பதாம் வகுப்பிலேயே தொடங்கிவிடுங்கள், பரீட்சைக்கு முந்தின மாசம் ஓடினால் நடக்காது.

(ஒரு மாணவர்: “டீச்சர், முதல்ல சொன்ன அந்தப் பையன் என்ன ஆனார்?”)

இருக்கான். ஆறு வருசம் கழிச்சு வடக்கேருந்து வந்தான், கையெல்லாம் எண்ணெய் சுட்ட தழும்பு. இப்ப மினி லாரி ஓட்டுறான். ஒரு இடத்தில் உட்கார வேண்டிய வேலைதான், ஆனால் ரோடு நகர்ந்துக்கிட்டே இருக்குல்ல, அதனால பிடிச்சிருக்காம். போன வருசம் அவன் மகளைக் கூட்டிக்கொண்டு எங்க மாலை வகுப்புக்கு வந்தான். ஆறாவது படிக்குது. “அத்தை, எனக்கு இருந்த மாதிரியே இருக்கு இதுக்கு. நீங்க பாத்துக்கங்க”ன்னான். நான் அவனிடம் மன்னிப்புக் கேட்டேன். எதற்கு என்று அவனுக்குப் புரியவில்லை. நான் அடித்தது அவனுக்கு ஞாபகமே இல்லையாம். இல்லை, எனக்காக அப்படிச் சொன்னானோ என்னமோ.

அந்தப் பிள்ளைக்கு வர்ற செவ்வாய்க்கிழமை ராஜாஜி ஆஸ்பத்திரியில் ரெண்டாவது தடவை காட்டணும். அப்பனுக்கு லோடு இருக்கு, நான் போறேன். உங்கள்ல யாராவது கூட வந்து பார்த்துக் கத்துக்கணும்னா காலை ஏழரைக்கு மேலூர் பஸ் ஸ்டாண்டில் நில்லுங்க.